பசிக்கும் மெஷின்

விளம்பரப் படக் கூடத்தில் அவளுக்குக் கிடைத்த வேலை, கார்ட்டூன் படத்துக்காகச் சலவை மெஷினுக்கு முகம் வரைவது. துணி பிழியும் இரண்டு ரப்பர் உருளைகளையே உதடுகளாக்கினாள். மெஷின் கைக்குட்டையைக் கவ்வி, சப்புக்கொட்டி, "இன்னும் கொடு!" என்று கேட்கும். படத்தைப் போட்டுப் பார்த்த முதலாளி, "பிரமாதம்மா! உசிரே வந்துடுச்சு" என்று தொடையைத் தட்டினார்.

விளம்பரம் தியேட்டரில் ஓடிய முதல் நாள் மகள் சிட்டுவையும் கூட்டிப்போனாள். ஐந்து வயது. மெஷின் வாயைத் திறந்ததும் அரங்கிலிருந்த பிள்ளைகளெல்லாம் திரையை நோக்கிக் கையை நீட்டினார்கள். பெற்றவர்கள் சிரித்தார்கள். அவள் மட்டும் சிட்டுவின் கையைப் பிடித்துக் கீழே இறக்கினாள். பகலில் சிட்டுவைப் பார்த்துக்கொள்ளும் கீழ்வீட்டு அக்கா அதே மெஷினை வாங்கிச் சில நாட்கள்தான் ஆகியிருந்தன.

மறுநாள் வேலையில் கை ஓடவில்லை. தலைவலி என்று சொல்லிவிட்டு மதியமே கிளம்பினாள். பஸ் ஊர்ந்தது. பாதி வழியில் இறங்கி ஓடினாள்.

மாடிப்படியருகே வரும்போதே கர்ரென்ற சத்தம் கேட்டது. கீழ்வீட்டுக் கதவு திறந்து கிடந்தது. அக்கா பின்பக்கம் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். உள்ளே சிட்டு முக்காலிமேல் நின்று, தன் துணிப் பொம்மையை உருளைகளுக்கு ஊட்டிக்கொண்டிருந்தாள். பொம்மையின் கால்கள் உள்ளே போய்விட்டன. சிட்டுவின் விரல்கள் அதன் இடுப்பில் இருந்தன.

"சாப்பிடு தங்கம், நல்லா மென்னு சாப்பிடு."

கத்தினால் பிள்ளை திடுக்கிட்டுப் பொம்மையை இறுக்கிப் பிடிப்பாள். தரையெல்லாம் ஈரம். கரண்ட் என்றாலே காததூரம் ஓடுகிறவள், கண்ணை மூடிக்கொண்டு சுவரிலிருந்த பிளக்கைப் பிடுங்கினாள்.

சத்தம் நின்றது.

"ஏம்மா நிறுத்திட்டே? அதுக்குப் பசிக்குதும்மா. நீதானே அப்படி வரைஞ்சே?"

அவள் மகளை வாரியெடுத்து ஒவ்வொரு விரலாகத் தடவிப் பார்த்தாள்.

"ஐயோ, இப்பத்தான்டி அந்தப் பக்கம் போனேன்!" என்று ஓடிவந்த அக்கா தலையில் அடித்துக்கொண்டாள்.

விடிந்ததும் முதலாளி முன்னால் போய் நின்றாள்.

"சார், அந்த வாயை எடுத்துடணும்."

"சனங்களுக்குப் பிடிச்சதே அதுதானேம்மா?"

நடந்ததைச் சொன்னாள். அவர் மேஜைமேல் கிடந்த மெஷின் படத்தைக் கவிழ்த்து வைத்தார். பிறகு, "சரி, வேற வரை. இனிமே தியேட்டருக்குப் போற படப்பெட்டியெல்லாம் புதுசாவே போகட்டும்" என்றார்.

"ஏற்கெனவே போனது?"

"அது எந்தெந்த ஊர்ல ஓடுதுன்னு எனக்கே தெரியாதும்மா."

அவள் பென்சிலை எடுத்தாள். முதல் கோடே கோணலாகப் போனது.