காப்புக் கட்டிய லீவு

டாக்டர் எப்சி என்னிடம் கேட்டது சின்னக் கேள்விதான். "மாசாமாசம் ஒழுங்கா வருதாம்மா?"

"அவிய ஊர்ல இல்லாதப்ப ஒழுங்கா வரும் டாக்டர். லீவுல வந்தாகன்னா வராது" என்றேன்.

எழுதிக்கொண்டிருந்த பேனா நின்றது. என் வீட்டுக்காரர் முத்துப்பாண்டி பட்டாளத்தில் இருக்கிறார் என்பதையும், வருஷத்துக்கு இரண்டு தடவை இருபத்தெட்டு நாள் லீவில் ஸ்ரீவில்லிபுத்தூர் வருவார் என்பதையும் முதலிலேயே சொல்லியிருந்தேன். கல்யாணமாகி மூன்றரை வருஷம் ஆகியும் குழந்தை இல்லை என்றுதான் இராஜபாளையத்தில் அந்த டாக்டரிடம் போயிருந்தேன். வேலை முடிந்து, கை விரலெல்லாம் பஞ்சுத் தூசி ஒட்டியிருக்க, பாண்டேஜ் கம்பெனி யூனிஃபார்மோடே போய் உட்கார்ந்திருந்தேன்.

"லீவுல மட்டும் ஏன் வராது?"

"மாத்திரை போடுவேன்ல. தள்ளிப் போடுற மாத்திரை."

அப்புறம் அவர் ஒவ்வொன்றாகக் கேட்க, நான் ஒவ்வொன்றாகச் சொன்னேன். கல்யாணமான முதல் வருஷம் வயிற்றில் எதுவும் தங்கவில்லை என்றதும் மாமியார் குலதெய்வத்துக்கு வேண்டிக்கொண்டார். மகன் லீவில் வரும்போதெல்லாம் புருஷனும் பெண்டாட்டியும் மஞ்சள் துணியில் காப்புக் கட்டி இருபத்தொரு நாள் விரதம் இருக்க வேண்டும். காலையில் ஈரச்சேலையோடு தெருக் கோயிலைச் சுற்ற வேண்டும், சாயங்காலம் விளக்குப் போட வேண்டும். கடைசி நாள் கூமாப்பட்டிக்குப் போய் மலையடிவாரத்துக் கோயில் மரத்தில் தொட்டில் கட்ட வேண்டும். நடுவில் நான் தூரமாகிவிட்டால் விரதம் கெட்டுப்போகும். அதனால் காப்புக் கட்டும் நாளிலிருந்து மெடிக்கலில் வாங்கிய மாத்திரையை மாமியார் தன் கையாலேயே வேளை தவறாமல் கொடுப்பார். இதுவரை நாலு லீவு அப்படிப் போயிருக்கிறது.

"விரதத்துல ரெண்டு பேரும் எங்க படுப்பீங்க?"

"அவிய ஹால்ல, நான் உள்ள. விரதம்ல டாக்டர்."

"இருபத்தொரு நாளும்?"

"இருபத்தொரு நாளும்."

"விரதம் முடிஞ்ச பொறவு?"

"மாத்திரைய நிறுத்துனா ரெண்டு மூணு நாள்ல தூரமாயிருவேன். அது முடியுததுக்குள்ள அவியளுக்கு ரயில் வந்துரும்."

சொல்லி முடிக்கும்போதுதான் என் காதிலேயே அது விழுந்தது. டாக்டர் சிரித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அவர் சிரிக்கவில்லை. மேஜைக் காலண்டரை என் பக்கம் திருப்பி வைத்தார்.

ரத்தம் வர ஆரம்பிக்கும் நாள் ஒன்று. அந்த முதல் வாரத்தில் கர்ப்பப்பை பழையதைக் கழிக்கிறது. அப்போதே ஒரு முட்டை வளரத் தொடங்கிவிடுகிறது. உனக்கு இருபத்தெட்டு நாள் கணக்கு என்றால் சுமாராகப் பதினாலாம் நாள் அது வெளியே வரும். வந்தால் ஒரு நாள்தான் உயிரோடு இருக்கும், ஆம்பளை விந்து மட்டும் உள்ளே மூன்று நாலு நாள் தாங்கும். அதனால் பதினொன்றிலிருந்து பதினைந்துக்குள் சேர்ந்தால்தான் உண்டு. அதற்கப்புறம் இரண்டு வாரம் உடம்பு மெத்தை போட்டுக் காத்திருக்கும். மார் கனக்கும், வயிறு உப்பும், சிலருக்கு எரிச்சல் வரும், அழுகை வரும். ஆள் வரவில்லை என்றால் மெத்தையைச் சுருட்டி எறிந்துவிட்டு மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். இப்படித்தான் சொன்னார்.

"நீ மாத்திரை போட்டு இந்தச் சக்கரத்தையே நிறுத்தி வச்சிட்டு, சக்கரம் ஓட ஆரம்பிக்கிற அன்னைக்கு வீட்டுக்காரரை ரயில் ஏத்தி விடுறம்மா. அப்புறம் எப்படி?"

வயதுக்கு வந்து பதினாலு வருஷம் ஆகிறது. மாதாமாதம் இதைச் சுமக்கிறவள் நான். தூரமானால் எதைத் தொடக்கூடாது, எந்தத் தட்டில் சாப்பிட வேண்டும், எந்தப் படியைத் தாண்டக்கூடாது என்று ஊரே கூடி எனக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறது. உள்ளே என்ன நடக்கிறது என்று ஒருத்தர்கூடச் சொல்லவில்லை. எனக்கு வந்த ஆத்திரத்தில் முதல் பங்கு என் மேலேயே வந்தது. பள்ளிக்கூடத்தில் அந்தப் பாடத்தை டீச்சர் வீட்டில் படித்துக்கொள்ளச் சொன்னபோது சிரித்துக்கொண்டே பக்கத்தைத் திருப்பியவள்தானே நான்.

ரத்தத்தைப் பரிசோதித்ததில் ஹீமோகுளோபின் அளவு எட்டரைதான் இருந்தது, பன்னிரண்டாவது இருக்க வேண்டுமாம். மாத்திரையை நிறுத்தும்போதெல்லாம் ஒரு வாரம் கொட்டித் தீர்க்கிறதே, தலையைத் தூக்க முடியாமல் வலிக்கிறதே, அதெல்லாம் என் ராசி என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

வெள்ளிக்கிழமை என் வீட்டுக்காரர் லீவில் வந்தார். இந்த லீவு சாதாரண லீவு இல்லை. "இதுதான் கடைசி. இதுலயும் தங்கலைன்னா எம் மகனுக்கு வேற பொண்ணு பாப்பேன்" என்று மாமியார் அழகுத்தாய் சொந்தக்காரர் வீட்டுச் சடங்கில் நாலு பேர் முன்னால் சொல்லிவிட்டிருந்தார். அவர் வந்து நாலாம் நாள் எனக்குத் தூரமாக வேண்டும். அப்படியானால் அவர் ஊரில் இருக்கும்போதே அந்த ஐந்து நாளும் வரும். நாலு லீவாகக் கிடைக்காதது இந்தத் தடவை கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. மாத்திரை போடக்கூடாது, காப்புக் கட்டக்கூடாது. அவ்வளவுதான் செய்ய வேண்டியது.

மாடியில் துணி காயப்போடும்போது அவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். டாக்டர் வட்டம் போட்டுக் கொடுத்த காலண்டர் தாளையும் காட்டினேன். பொறுமையாகக் கேட்டார். மனசுக்குள் அப்பாடா என்றிருந்தது.

"டாக்டர் சொல்லுதது சரியாத்தான் இருக்கும்" என்றார். "ஆனா அம்மா எல்லாருக்கும் சொல்லிட்டாக. கூமாப்பட்டிக்கு வேன் பேசியாச்சு. இந்தத் தடவ மட்டும் இருந்துருவோம். அடுத்த லீவுல நீ சொல்லுத மாதிரி பாத்துக்கிடலாம்."

"அடுத்த லீவு எனக்கு எங்க இருக்கு? இதுதான் கடைசின்னு ஒங்க அம்மா சொல்லிட்டாகள்ல."

"அவுக ஒரு கோவத்துல சொன்னது. நீயும் தூரமாகப் போற நேரத்துல எம்புட்டு எரிஞ்சு விழுவன்னு எனக்குத் தெரியாதா? செத்த நேரம் சும்மா இரு."

எனக்கு வந்தது பாருங்கள் ஒரு கோபம். தேதி சொல்லும்போது புரியாத மனுஷனுக்கு என் எரிச்சலுக்கு மட்டும் தேதி தெரிந்திருக்கிறது. "இது மாசாமாசம் வார கோவம் இல்ல. மூணர வருஷத்துக் கோவம்" என்றேன். ஈரத்துணியை அப்படியே போட்டுவிட்டுக் கீழே இறங்கிவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் காப்புக் கட்டு. நாத்தனார் குடும்பத்தோடு வந்திருந்தாள், பூசாரி வந்திருந்தார், வாசலில் பக்கத்து வீட்டுக்காரர்கள். மாமியார் ஒரு கையில் செம்புத் தண்ணியும் மறு கையில் மாத்திரையுமாக வந்தார்.

"ஏட்டி ஈஸ்வரி, இதப் போட்டுக்கிட்டு மணையில உக்காரு."

"நான் போடல அத்தை."

"என்னது?"

"மாத்திரை போடல. காப்பும் கட்டல. டாக்டர் வேண்டாம்னுட்டாக."

"புள்ள குடுக்குத சாமிய விட டாக்டர் பெரிய ஆளா?"

நான் மெதுவாகப் பேச வேண்டும் என்றுதான் நினைத்திருந்தேன். முடியவில்லை. "சாமிய நான் ஒண்ணும் சொல்லல. ஒங்களத்தான் கேக்கேன். புள்ள வேணும்னு வேண்டுதல். அவிய ஹால்ல படுக்காக, நான் உள்ள படுக்கேன். விரதம் முடிஞ்சதும் நான் தூரம், அது முடியுததுக்குள்ள அவிய ரயிலு. புள்ள எந்த வழியா வரும் அத்தை? தபால்லயா?"

பூசாரி வேட்டியைச் சரிசெய்துகொண்டு வாசல் பக்கம் போனார். நாத்தனார் காதைப் பொத்திக்கொண்டாள். இதே நாத்தனார்தான் போன ஆடிப்பூரத் தேரன்று அத்தனை பேர் நடுவில், "இன்னும் ஒண்ணும் இல்லையா?" என்று என் வயிற்றைத் தொட்டுப் பார்த்தவள். அப்போது யார் காதும் கூசவில்லை.

"வெக்கங்கெட்டவளே, ஆம்பளைக நிக்கிற எடத்துல என்ன பேச்சுப் பேசுத!" மாமியார் செம்பை ணங்கென்று தரையில் வைத்தார். அவர் அழுதார். நிஜமான அழுகைதான், அவருக்கும் பேரப்பிள்ளை ஆசை பொய்யில்லை. அதனாலேயே எனக்கு இன்னும் ஆத்திரமாக வந்தது. "இவ கட்டாட்டிப் போறா. எம் மகன் கட்டுவான். ஏலே முத்துப்பாண்டி, வாலே."

எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். நானும் பார்த்தேன். எல்லையில் துப்பாக்கி பிடித்து நிற்கிற மனுஷன். என்னைப் பார்க்காமல் மணையில் போய் உட்கார்ந்து வலது கையை நீட்டினார். பூசாரி திரும்பி வந்து மஞ்சள் துணியைக் கட்டினார்.

நான் பையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறிச் சோழபுரத்தில் என் அம்மா பாண்டிசெல்வி வீட்டுக்கு வந்துவிட்டேன். மறுநாள் காலையில், மாத்திரை எதுவும் தடுக்காமல், அதன் பாட்டில் தூரமானேன். ரத்தத்தைப் பார்த்து வாழ்க்கையில் முதல் தடவையாகச் சந்தோஷப்பட்டேன். உடனே அவருக்குச் செய்தி அனுப்பினேன். இன்று ஒன்றாம் நாள், அடுத்த வாரம் வியாழனிலிருந்து திங்கள் வரை, அந்த ஐந்து நாள் நீங்கள் இங்கே இருக்க வேண்டும், வேறெதுவும் நான் கேட்கவில்லை. நாள், கிழமை, தேதி எல்லாம் எழுதினேன். அவர் பார்த்துவிட்டதற்கு அடையாளமாக இரண்டு நீலக்கோடு விழுந்தது.

அடுத்த வாரம் வியாழன் வரவில்லை, வெள்ளிக்கிழமை மதியம் வந்தார். எனக்கு ஷிஃப்ட் இல்லாத நாள். வாசலில் பைக் சத்தம் கேட்டதும் அம்மா கோழி அடிக்கலாமா என்று கேட்டாள், அப்புறம் காரணம் சொல்லாமல் பக்கத்து வீட்டுக்குப் போய்விட்டாள். எனக்குச் சிரிப்பும் கூச்சமுமாக இருந்தது. கதவைச் சாத்திவிட்டுத் திரும்பினேன். அவர் கையில் காப்பு இருந்தது.

"அவுத்துருங்க" என்றேன்.

"இன்னும் ஒம்போது நாள் இருக்கு ஈஸ்வரி."

"அப்ப எதுக்கு வந்தீக?"

"ஒன்னயப் பாக்கத்தான். நீ சொன்னதையே நெனச்சுக்கிட்டு இருந்தேன்." அவர் காப்பைத் திருகிக்கொண்டே நின்றார். ஒரு நிமிஷம் அவிழ்த்துவிடுவார் என்றுதான் நினைத்தேன். முடிச்சில் விரலைக்கூட வைத்தார். அப்புறம் சட்டைப்பையிலிருந்து போனை எடுத்தார். "அம்மாட்ட ஒரு வார்த்தை கேட்டுக்கிடுதேன்."

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. கேட்பதற்கு அங்கே என்ன இருக்கிறது? என் வீட்டு உள் அறையில், சாத்திய கதவுக்குப் பின்னால், என்னைத் தொடலாமா என்று ஸ்ரீவில்லிபுத்தூருக்கு போன் போட்டுக் கேட்கப் போகிறார். கதவைத் திறந்துவிட்டேன்.

"போன்ல எதுக்கு? நேராவே போய்க் கேட்டுட்டு வாங்க."

போனார். வெள்ளி போனது. சனி, ஞாயிறு, திங்கள் போனது. போனைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு படுத்திருந்தேன் என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் அப்படித்தான் கிடந்தேன். செவ்வாய்க்கிழமை வேலைக்குப் போய் நின்றுகொண்டே எட்டு மணி நேரம் பாண்டேஜ் சுருட்டினேன். மார் கனக்கத் தொடங்கியிருந்தது. உடம்பு அதன் வேலையை முடித்துவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விட்டது.

வியாழக்கிழமை சாப்பாட்டு நேரத்தில் போன் வந்தது. குரலில் அத்தனை உற்சாகம்.

"ஈஸ்வரி, அம்மா சரின்னுட்டாக! பூசாரிட்ட கேட்டு, பரிகாரம் பண்ணி, காப்ப அவுத்தாச்சு. நாளைக்குக் காலையில வாரேன்."

"நாள் போயிருச்சு" என்றேன்.

"எந்த நாளு?"

சுற்றிலும் மிஷின் ஓடும் சத்தம். ஒருவேளை சத்தத்தில் அவருக்குக் கேட்கவில்லையோ என்று நல்லபடியாகவே நினைத்து, வெளியே வராந்தாவுக்கு வந்து இன்னொரு தடவை சொன்னேன். "சரி விடு, ஒரு தடவதான போயிருக்கு. அடுத்த மாசமும் வரும்ல?" என்றார்.

"வரும்" என்றேன். "அடுத்த மாசமும் வரும், அதுக்கடுத்த மாசமும் வரும். நீங்க வர வேண்டாம்."