அப்பாவின் குறட்டை

எடிட்டிங், சவுண்டு ரெண்டையும் ஒரே ஆள் பார்த்தால் மரியாதை ரெண்டு மடங்காக வராது, முதுகுவலிதான் வரும். ஜன்னல் இல்லாத அறையில் இத்தனை வருஷம் உட்கார்ந்து தலைமுடி கொட்டினதுதான் மிச்சம். எப்போதாவது வீட்டுக்குப் போனால், "யாரு சார் வேணும்?" என்று அப்பா நக்கலடிப்பார்.

அப்படிப் போன ஒரு மதியம், சாப்பிட்டுவிட்டு அவர் விட்ட குறட்டையை மைக் வைத்துப் பிடித்தேன். அப்போது நான் வேலை பார்த்துக்கொண்டிருந்த படத்தில் காவலாளி தூங்கும் காமெடி காட்சிக்கு வேண்டியிருந்தது. விஷயம் தெரிந்ததும் மனுஷனுக்குத் தலைகால் புரியவில்லை. "நானும் உன் படத்துல இருக்கேன்டா!" என்று தெரு முழுக்கத் தம்பட்டம் அடித்தார். படம் முடிவதற்குள் மாரடைப்பில் போய்விட்டார்.

அம்மா கேட்டது ஒன்றுதான். "தியேட்டர்ல அவர் சத்தம் வரும்ல? நான் கேக்கணும்டா."

போனிலேயே போட்டுக் காட்டுகிறேன் என்றேன். "சும்மா இரு. அவர் ஆசைப்பட்டது தியேட்டருக்கு" என்றுவிட்டாள்.

இயக்குநரோ, "காவலாளி சீன் இழுக்குது, தூக்கிடுங்க" என்றார். கெஞ்சலாமா என்று வாய் வரைக்கும் வந்துவிட்டது. என்ன செய்ய, அந்த ஆள் சொன்னது சரி. வேறு எவன் அப்பா குறட்டையாக இருந்தாலும் நானே எப்போதோ வெட்டியிருப்பேன். வெட்டினேன்.

எல்லாச் சத்தங்களையும் சேர்க்கும் மிக்ஸிங்கில், கதாநாயகி சமையலறையில் தனியாக உட்கார்ந்திருக்கும் காட்சி வந்தது. பேச்சும் இல்லை, இசையும் இல்லை. குறட்டையை எடுத்து, சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கிற மாதிரி மெல்லிசாக அடியில் வைத்தேன்.

"என்னய்யா சத்தம் அது?" என்றார் இயக்குநர்.

"பக்கத்து ரூம்ல அவ அப்பா தூங்குறாரு சார்."

"ம்... வீடு மாதிரி இருக்கு. இருக்கட்டும்."

படம் வெளியான முதல் நாள் தியேட்டரில் அம்மா, அக்கா, சித்தி, அவர்கள் பிள்ளைகள் என்று ஒரு வரிசையையே வளைத்து உட்கார்ந்தார்கள். காட்சி மாறிப்போனதைச் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. பாதிப் படம் தாண்டியதும் அக்கா முறைத்தாள். "எங்கடா அப்பா?"

சமையலறைக் காட்சி வந்தது. அக்கா தண்ணீர் பாட்டிலைத் தேடிக்கொண்டிருந்தாள். சித்தி கொட்டாவி விட்டாள். இன்னும் கொஞ்சம் சத்தமாக வைத்துத் தொலைத்திருக்கக் கூடாதா என்று என்னையே திட்டிக்கொண்டேன்.

அம்மா என் முழங்கையை இடித்தாள். கண் திரையிலேயே இருந்தது.

"ஒருக்களிச்சுப் படுக்கச் சொல்லுடா அவரை."