தவிட்டுக்குக் கொடுத்தது

பூவம்மாள் அடுக்குப்பானையிலிருந்து தவிட்டை முறத்தில் சரித்துக்கொண்டிருந்தபோது கோதண்டபாணி வாசலில் நின்று அவசரப்படுத்தினான். மேளக்காரர்கள் வந்துவிட்டார்களாம், பாடைக்கு மூங்கில் வந்துவிட்டதாம், இவள் மட்டும் வந்தபாடில்லையாம். அவன் பேச்சுக்கெல்லாம் அசைகிறவளா அவள். தவிட்டில் உமி கலந்திருந்தது. அதைப் புடைத்துத் தள்ளிவிட்டுத்தான் எழுந்தாள். இத்தனை வருஷம் பொறுத்தவளுக்கு இன்னும் நாலு தட்டு தட்டப் பொழுதில்லாமல் போய்விடாது.

எதிர்த்தெருப் பட்டம்மாள் விடியற்காலையில் செத்துப்போயிருந்தாள். செய்தி வந்ததும் பூவம்மாள் முதலில் செய்தது, அடுப்பைப் பற்றவைத்துக் கேழ்வரகுக் கூழ் காய்ச்சிக் குடித்ததுதான். பிணம் எடுக்கும்வரை அக்கம்பக்கத்தில் யாரும் அடுப்பு மூட்டமாட்டார்கள். அது தெரியாதவள் அல்ல. தெரிந்துதான் மூட்டினாள். புகை கூரைக்கு மேலே போய் எல்லார் கண்ணிலும் படட்டும் என்று ஈர விறகாகப் பார்த்து வைத்தாள்.

கோதண்டபாணி, பட்டம்மாளின் புருஷனுக்கு அண்ணன் மகன். பட்டம்மாள் காய்ச்சலில் கிடந்த நாளெல்லாம் எட்டிப் பார்க்காதவன், உயிர் போன சேதி கேட்டதும் முதல் ஆளாக வந்து நின்றான். கொள்ளி வைக்கிறவனுக்கு வீடும், ஊருக்கு வெளியே ஏரியோரம் இருக்கிற கொல்லையும். அவனுக்கும் கொள்ளிக்கும் நடுவே ஒரே ஒரு ஆள்தான் நின்றான். காசி. பட்டம்மாள் வளர்த்த பிள்ளை, பூவம்மாள் பெற்ற பிள்ளை.

“நாட்டாண்மை கேப்பாரு அத்தே. எல்லார் எதிர்லயும், இவன் எம் புள்ளை, நான் உயிரோட இருக்கேன்னு சொல்லு. அது போதும்” என்றான் கோதண்டபாணி.

“வீட்டை நீ எடுத்துக்கோ. புள்ளையை நான் எடுத்துக்கறேன்” என்றாள் பூவம்மாள். முறத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டு அவனுக்கு முன்னால் நடந்தாள்.

அவள் கணக்கு அவ்வளவு எளிது. வீடு போய்விட்டால் காசி எங்கே போவான்? பெண்டாட்டியைக் கூட்டிக்கொண்டு பெற்றவள் வீட்டுக்குத்தான் வந்தாக வேண்டும். பிடித்து வந்தாலும் சரி, பிடிக்காமல் வந்தாலும் சரி. தன் கையால் ஒரு வேளை அவனுக்குச் சோறு போட வேண்டும் என்பதைத் தவிர அவளுக்கு இந்த உலகத்தில் வேறு ஆசை பாக்கி இல்லை. கோலார் சுரங்கத்துக்குப் போன புருஷன் அங்கேயே மண்ணாகிப் போனான். பெற்றதில் மிஞ்சியது காசி ஒருவன்தான், அவனும் எதிர்த்தெருவில்.

மூத்தது மூன்றும் அவளுக்குத் தங்கவில்லை. பிறப்பதும் பல் முளைக்குமுன் போவதுமாக இருந்தன. நாலாவது பிறந்தபோது, அந்தப் பக்கத்து வழக்கப்படி, எமனை ஏமாற்றப் பார்த்தார்கள். குழந்தையைக் குப்பைமேட்டில் புரட்டி, மூக்கைக் குத்தி, பச்சை உடம்புக்காரி நடுத்தெருவில் நின்று, “இது யாரு புள்ளையோ, எம் புள்ளை இல்ல” என்று மூன்று தரம் வாய்விட்டுச் சொன்னாள். பிறகு ஒரு முறம் தவிட்டை வாங்கிக்கொண்டு பிள்ளையைப் பட்டம்மாளிடம் விற்றாள். தேடி வருகிற எமனுக்கு அந்த வீட்டில் பிள்ளை இல்லை என்றாகிவிடும். ஒரு வயது முடிந்ததும் அதே அளவு தவிட்டைத் திருப்பிக் கொடுத்து மீட்டுக்கொள்ளலாம். ஆம்பூரைச் சுற்றி எத்தனையோ பேர் இப்படித் தவிட்டுக்குப் போய்த் தவிட்டுக்குத் திரும்பியவர்கள்தான். காசி திரும்பவில்லை.

பட்டம்மாள் பிள்ளை இல்லாதவள். வெள்ளாட்டுப் பால் கொடுத்து அவனை வளர்த்தாள். மீட்கப் போனபோது கொடுக்க மாட்டேன் என்று அடம்பிடித்தாள், வாங்கினது வாங்கினதுதான் என்றாள், திருடி. இதுதான் பூவம்மாள் ஊருக்குச் சொல்லிவந்த கதை. கிணற்றடியில் சொன்னாள், சந்தையில் சொன்னாள், தோல் பதனிடுகிற ஷாப்பில் ஆட்டுத்தோலிலிருந்து கம்பளி உரிக்கிற பெண்களிடம் சொன்னாள். காசியின் கல்யாணத்தன்று பட்டம்மாள் தாய் ஸ்தானத்தில் உட்கார்ந்திருந்ததைப் பார்த்துவிட்டு, பந்தலுக்கு வெளியே நின்று மண்ணை வாரித் தூற்றினாள். பட்டம்மாள் ஒரு நாளும் எதிர்த்து ஒரு வார்த்தை சொன்னதில்லை. அது வேறு பூவம்மாளுக்கு எரிச்சல்.

சாவு வீட்டு வாசலில் கூட்டம் விலகி வழிவிட்டது. கட்டிலில் பட்டம்மாள் தாடை கட்டி, நெற்றியில் காசு வைத்துப் படுத்திருந்தாள். கட்டில் காலருகே காசி நின்றான். ஆவாரம்பட்டைத் தொட்டியில் தோலைப் புரட்டிப் புரட்டி அவன் கைகளில் முழங்கை வரை காவி ஏறியிருந்தது. கொஞ்சம் தள்ளி, புங்க மரத்தடியில் நாவிதர் கத்தியைத் தீட்டிவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்தார். யார் தலை என்று இன்னும் முடிவாகவில்லை.

பூவம்மாள் முறத்தைப் பிணத்தின் காலடியில், கட்டிலுக்குக் கீழே வைத்தாள்.

“இந்தாடி பட்டு, உன் தவிடு. இப்ப வேணாம்னு சொல்லு பாக்கலாம்.”

ஒப்பாரி நின்றுவிட்டது. ஆரோக்கியமேரி ஓடிவந்து பூவம்மாளின் கையைப் பிடித்தாள். பக்கத்து வீட்டுக்காரி, இருவருக்கும் இத்தனை காலம் நடுவே நின்று சலித்தவள். செத்தவளோடு என்ன வம்பு என்று காதோடு சொன்னாள். பூவம்மாள் கையை உதறிக்கொண்டாள். உயிரோடு இருக்கும்போது வாயைத் திறக்காதவளிடம் செத்த பிறகாவது நாலு வார்த்தை பேசிக்கொள்ளக் கூடாதா என்று கேட்டாள்.

கோதண்டபாணி இதற்குத்தான் காத்திருந்தான். நாட்டாண்மை சாமிநாதன் பக்கம் திரும்பி, முறத்தைக் காட்டிக் காட்டிப் பேசினான். பெற்றவள் குத்துக்கல்லாட்டம் உயிரோடு இருக்கும்போது ஒருத்தன் மொட்டை அடித்தால் அது பெற்றவளுக்கு அடித்த மொட்டை. அந்தப் பாவத்தை ஊர் சுமக்க வேண்டுமா? சித்தி பாவம், ஊரார் பிள்ளையை ஊட்டி வளர்த்தாள், அதற்குப் புண்ணியம் உண்டு. ஆனால் கொள்ளி என்பது ரத்தத்துக்கு உள்ளது. நாலைந்து பேர் தலையாட்டினார்கள். அவர்கள் காலையில் அவன் வாங்கிக் கொடுத்த கள்ளைக் குடித்தவர்கள் என்பது எல்லாருக்கும் தெரியும்.

காசி குனிந்து கட்டிலில் மொய்த்த ஈயை விரட்டினான். அவன் பெண்டாட்டி கமலம்தான் உள்ளிருந்து வந்து, மாமியார் கடைசியாகக் கேட்ட தண்ணீரை யார் ஊற்றினார்கள் என்று இந்தப் பங்காளியைச் சொல்லச் சொல்லுங்கள் என்றாள். பொம்பளை பேச்சு எடுபடவில்லை.

சாமிநாதன் தொண்டையைச் செருமினார்.

“பூவு, பொதுவுல வச்சுக் கேக்கறேன். இவன் உன் புள்ளையா?”

ஆமாம் என்று சொல்லத்தான் அவள் வாயைத் திறந்தாள். அப்போது அவள் கண் பட்டம்மாளின் முகத்தில் விழுந்தது. தாடைக்கட்டு சரியாக இறுகாமல் வாய் லேசாகத் திறந்திருந்தது, எதையோ சொல்லப்போகிறவளைப் போல.

ஊருக்குச் சொல்லாத ஒரு பாதி அந்தக் கதையில் இருந்தது. பட்டம்மாள் கொடுக்க மறுக்கவில்லை. ஒரு வயது முடிந்த அன்று காலையில் தவிட்டை வாங்கிக்கொண்டு, ஆட்டுக்குக் கொட்டிவிட்டு, பிள்ளையைத் தூக்கிக் கொடுத்தாள். முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் கொடுத்தாள், ஆனாலும் கொடுத்தாள். அன்று விளக்கு வைக்கிற நேரத்துக்குள் பிள்ளைக்கு உடம்பு நெருப்பாய்க் கொதித்தது. மூத்தது மூன்றும் போன அதே மூலை, அதே பாய். பூவம்மாள் பிள்ளையை வாரி எடுத்துக்கொண்டு ஓடி, பட்டம்மாள் மடியில் போட்டுவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் வந்தாள். காய்ச்சல் இறங்கிவிட்டது. அதன் பிறகு பெற்ற ஐந்தாவதை யாருக்கும் விற்காமல் தன் வீட்டிலேயே வைத்துக்கொண்டாள், அதுவும் போயிற்று. எத்தனையோ நாள் முறத்தை எடுத்து இடுப்பில் வைத்திருக்கிறாள். வாசற்படி தாண்டினால் கால் வராது. எடுத்துவந்து செத்துப்போனால்? பயந்தது இவள். திருடிப் பட்டம் அவளுக்கு. அது தெரிந்த ஒரே ஆள் இதோ வாயைத் திறந்தபடி கிடக்கிறாள்.

“இன்னா அத்தே யோசனை? சொல்லு” என்றான் கோதண்டபாணி.

அப்போதுதான் காசி கட்டிலைச் சுற்றிக்கொண்டு வந்தான். அவளுக்கு மிக அருகில் வந்து நின்றான். பட்டையும் சுண்ணாம்பும் கலந்த தோல் ஷாப்பு வாடை அவன்மேல் அடித்தது. பிறந்ததிலிருந்து அவன் அவளை எந்த முறை வைத்தும் கூப்பிட்டதில்லை. இப்போதும் கூப்பிடவில்லை. அவளுக்கு மட்டும் கேட்கிற குரலில், பல்லைக் கடித்துக்கொண்டு பேசினான்.

“காய்ச்சலோட என்னைத் தூக்கினு ஓடியாந்தியாமே. எங்கம்மா சொல்லியிருக்குது. ஊரெல்லாம் நீ எங்கம்மாவைத் திட்டும்போதுகூட, அவளைத் திட்டாதேடா, அவ அன்னிக்கு வாய்விட்டுச் சொன்னதாலதான் நீ தங்கினேன்னு சொல்லும். இன்னைக்கும் அதையே சொல்லு. சொல்லிட்டு உன் வூட்டுக்குப் போ.”

அவனை ஓங்கி அறையலாம் போலிருந்தது அவளுக்கு. அவன் காலைக் கட்டிக்கொண்டு அழலாம் போலவும் இருந்தது. எல்லாவற்றுக்கும் மேலே பட்டம்மாள் மேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. தெரிந்தும் வெளியே சொல்லாமல் இருந்து, இவள் பெற்ற பிள்ளையிடமே இவளுக்காகப் பரிந்து பேசி, கடைசி வரைக்கும் ஜெயித்துவிட்டுப் போகிறாளே, பாவி. பாதகத்தி. ஒரு நாளாவது திருப்பித் திட்டியிருக்கக் கூடாதா.

அவன் மூக்கின் இடது மடலில் அந்தப் பழைய துளை இருந்தது. தூர்ந்து, ஒரு கடுகளவுக்குப் புள்ளியாக. ஊசியைக் காய்ச்சிக் குத்தியது அவள் கைதான்.

பூவம்மாள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, நாட்டாண்மையைப் பார்க்காமல் தெருவைப் பார்த்து நின்றாள்.

“இது யாரு புள்ளையோ. எம் புள்ளை இல்ல.”

கூட்டத்தில் யாரோ என்ன என்று கேட்டார்கள். கேட்காதவர்களுக்கும் கேட்கும்படி இரண்டாவது தரம் சொன்னாள். மூன்றாவது தரம் சொன்னபோது குரல் கொஞ்சம் தாழ்ந்துபோயிற்று, ஆனால் வார்த்தை எதையும் விழுங்காமல் சொல்லி முடித்தாள்.

ஆரோக்கியமேரி மட்டும் அதைப் புரிந்துகொண்டவளைப் போலச் சிலுவை போட்டுக்கொண்டாள். கோதண்டபாணிக்கு முகம் சிவந்தது. கூழ் குடித்த வாய் இப்படித்தான் புரளும் என்றான், இவளை நம்பி வந்தேனே, எல்லாம் பேஜாராப் போச்சு என்றான், அதற்குமேல் சொன்னதையெல்லாம் எழுத முடியாது. சாமிநாதன் கையமர்த்திவிட்டு நாவிதருக்குத் தலையசைத்தார்.

காசி போய் மரத்தடியில் குந்தினான். நாவிதர் தலையில் தண்ணீர் தெளித்துப் பிசைந்து, நெற்றியிலிருந்து வழித்துக்கொண்டு வந்தார். மீசையும் போயிற்று. பூவம்மாள் நின்ற இடத்திலேயே நின்று பார்த்தாள். குப்பைமேட்டில் புரட்டியபோது பார்த்த அதே உருண்டைத் தலை. வலது காதுக்கு மேலே அந்தச் சின்னப் பள்ளம்கூட அப்படியே இருந்தது. அவன் எழுந்து கொள்ளிச்சட்டியை வாங்கிக்கொண்டு அவளைத் தாண்டி நடந்தான். திரும்பிப் பார்க்கவில்லை. அவளும் கூப்பிடவில்லை.

பாடை பாலாற்றுப் பக்கம் திரும்பியது. பெண்கள் தெருமுனையோடு நின்று திரும்பி வந்து வாசலுக்குச் சாணி கரைத்துத் தெளித்தார்கள். கட்டிலைத் தூக்கி நிமிர்த்தியபோது கீழே இருந்த முறத்தை ஒருத்தி காலால் ஓரமாகத் தள்ளினாள். பூவம்மாளிடம் யாரும் போ என்று சொல்லவில்லை, இரு என்றும் சொல்லவில்லை.

வீட்டுப் பின்பக்கம் பட்டம்மாளின் வெள்ளாடு கத்திக்கொண்டிருந்தது. காலையிலிருந்து அதை அவிழ்த்துவிடவோ தீனி போடவோ யாருக்கும் நினைவில்லை. பூவம்மாள் முறத்தை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனாள். ஆடு கயிறு இழுபடும் மட்டும் எட்டி வந்து மூக்கைத் தவிட்டில் புதைத்தது. அவசரத்தில் தும்மியது, அவள் புடவையெல்லாம் தவிடு தெறித்தது. அவள் தரையில் உட்கார்ந்து, முறம் கவிழ்ந்துவிடாதபடி இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

ஆற்றுப் பக்கமிருந்து மேளம் இன்னும் கேட்டுக்கொண்டிருந்தது.