இன்னொரு டேக்

ஃபிரிட்ஜை அணைக்கச் சொல்லித் தம்பி மறுபடியும் விரலைக் காட்டினான். அக்கா பார்க்காத மாதிரி அவன் போர்வையை இழுத்துவிட்டாள்.

“அணைக்க மாட்டேன். பேசவே கூடாதுன்னு காலையில டாக்டர் சொன்னது உன் காதுல விழலையா?”

“ரெண்டு வரிதான்க்கா.” அதைச் சொல்வதற்குள்ளேயே அவனுக்கு மூச்சு வாங்கியது.

அந்த ரெண்டு வரி, அவனுடைய ஆறாவது படத்தின் கடைசியில் வர வேண்டிய குரல். மற்ற வேலையெல்லாம் முடிந்துவிட்டது. முந்தைய ஐந்தும் எந்தத் தியேட்டரிலும் ஒரு வாரம் தாண்டவில்லை. எல்லாவற்றையும் அக்காவின் வீட்டில்தான் எடுத்தான். அவள் சமையலறையில் மட்டும் ஒரு கொலையும் ரெண்டு விவாகரத்தும் நடந்திருக்கின்றன. கதையில் கை வைக்க யாரையும் விட்டதில்லை, புத்தி சொன்னவர்களைச் சட்டை செய்ததுமில்லை. பிடித்தால் பிடித்ததுதான். அக்கா மட்டும் லேசுப்பட்டவளா என்ன?

கட்டிலருகே ஒலிப்பதிவாளர் மைக்கைப் பிடித்தபடி நெளிந்துகொண்டிருந்தார். முதல் படத்திலிருந்து கூடவே இருப்பவர்.

“வேற யாரையாவது பேச வைக்கலாம்னு சொல்லிப் பாத்தேன்க்கா. கேக்க மாட்டேங்கறார்.”

“அவன் எப்ப கேட்டிருக்கான்?”

தம்பி தலையணைக்கு அடியில் துழாவி, ஸ்கூட்டர் சாவியை எடுத்து நீட்டினான். ஃபிரிட்ஜ் இரைச்சல் மைக்கில் விழும் என்று படப்பிடிப்பில் அதை அணைத்துவிட்டு, அப்படியே மறந்து கிளம்பிவிடுவான். பாலும் கறியும் கெட்டுப்போய் ஒருநாள் அவள் ஆடிய ஆட்டத்தில்தான் இந்தப் பழக்கம் வந்தது. அணைக்கும்போதே வண்டிச் சாவியை உள்ளே வைத்துவிடுவான். கிளம்பச் சாவி வேண்டும், சாவிக்காகத் திறந்தால் ஞாபகம் வந்துவிடும். அவன் வண்டியைத் தொட்டு நாலு மாதமாகிறது.

“ஒரே தடவை. அதுக்கு மேல ஒரு வார்த்தை பேசினே, அந்த மைக்கைப் பிடுங்கி எறிஞ்சிடுவேன்.”

சாவியைப் பால் பாத்திரத்துக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுச் சுவிட்சைத் தட்டினாள். வீடு சட்டென்று அடங்கியது. ஒலிப்பதிவாளர் ஹெட்போனை மாட்டிக்கொண்டு கையை உயர்த்தினார்.

“முதல் படம் படுத்த அன்னைக்கு வீட்டுக்கு வந்தேன். அக்கா வாசல்ல நின்னுட்டிருந்தா. சாப்பிட்டியான்னு மட்டுந்தான் கேட்டா.”

அக்கா வாயைப் பொத்திக்கொண்டாள். இத்தனை வருடம் அவன் படங்களில் தன் நாற்காலியும் தட்டும் டம்ளரும்தான் வருகின்றன என்று நினைத்திருந்தாள்.

“நல்லா வந்திருக்கு,” என்றார் ஒலிப்பதிவாளர்.

“இன்னொரு டேக்.” தம்பியின் உதடு வெளுத்திருந்தது.

“போதும்டா.”

“சாப்பிட்டியாங்கற இடத்துல மூச்சு இரைக்குது. நீ கேட்ட மாதிரி இல்ல.”

ஒலிப்பதிவாளரின் கை மறுபடி உயர்ந்தது.

“முதல் படம் படுத்த அன்னைக்கு வீட்டுக்கு வந்தேன். அக்கா…”

நிறுத்தினான். பேச்சுக்கு நடுவே நீளமாக நிறுத்துவது அவன் படங்களில் எல்லோருக்கும் தெரிந்த சங்கதி. ஒரு தூக்கம் போட்டுட்டு வந்து மிச்சத்தைக் கேக்கலாம் என்று அவளே கிண்டலடித்திருக்கிறாள். ஒலிப்பதிவாளர் கண்ணை மூடிக் காத்திருந்தார். அவள் தம்பியின் மார்பைப் பார்த்தாள். போர்வை ஏறவில்லை. இன்னும் ஏறவில்லை. கூப்பிட வேண்டும் என்று தொண்டை வரை வந்தது. ஆனால் இருபத்தைந்து வருடமாக, அவன் கட் சொல்லாமல் இந்த வீட்டில் யாரும் வாயைத் திறந்ததில்லை.

ஒலிப்பதிவாளர்தான் முதலில் ஹெட்போனைக் கழற்றினார்.

மறுநாள் தம்பியைக் கொண்டுபோய், எல்லாம் முடிந்து ஆட்கள் கலைந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. ஒலிப்பதிவாளர் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வாசலில் நின்றார்.

“முதல் டேக்கையே வச்சுக்கறேன்க்கா.”

அவள் தலையாட்டினாள். அவர் படியிறங்கும்போது, “நீ சாப்பிட்டியா?” என்று கேட்டுவிட்டாள். அவர் திரும்பவில்லை. பையின் வாரை இறுகப் பிடித்தபடி அங்கேயே நின்றார்.

அவள் சமையலறைக்குப் போய் ஃபிரிட்ஜைத் திறந்தாள். உள்ளே விளக்கு எரியவில்லை. பால் திரிந்திருந்தது. அதை எடுத்துக் கொட்டிவிட்டுச் சுவிட்சைப் போட்டாள். சாவியை அங்கேயே விட்டுக் கதவைச் சாத்தினாள்.