பதினோராவது பாயிண்டில் ஒரு தலையசைப்பு

கம்பாலாவிலிருந்து தோற்றுத் திரும்பியவளுக்கு இத்தனை மரியாதை கிடைக்கும் என்று ஜெஜிகா கனவிலும் நினைக்கவில்லை. கறிக்கடைக்காரர் முன்னால் நின்ற ஆண்களை ஒதுங்கச் சொல்லிவிட்டு அவளுக்கு நல்ல தொடைக்கறியாக வெட்டிக் கொடுத்தார். மாடிப்படியில் எதிர்ப்பட்ட பக்கத்து வீட்டம்மா இரண்டு கன்னத்திலும் முத்தம் வைத்து, "நோன்போட ஓடின கால்டி இது, கண்ணு பட்டுடப் போகுது" என்று திருஷ்டி கழித்தாள். அவர்கள் ஊரான பெஜாயாவில் பேட்மிண்டன் விளையாட்டில் யார் ஜெயித்தார்கள், யார் தோற்றார்கள் என்று கேட்க ஒரு ஈ காக்கை கிடையாது. ஆனால் ரமலான் மாதத்தில், வேற்றூர் வெக்கையில், சொட்டுத் தண்ணீர் குடிக்காமல் இரண்டு பெண்கள் ஆப்பிரிக்கச் சாம்பியன்ஷிப் ஆடினார்கள் என்றால் அது வேறு விஷயம்.

அந்த இரண்டு பெண்களில் ஒருத்தி தண்ணீரும் குடித்தாள், சாப்பிடவும் செய்தாள். அது ஜெஜிகாவுக்கு மட்டும்தான் தெரியும், ஏனென்றால் அந்த ஒருத்தி அவள்தான்.

இன்னொருத்தி வர்தா. பள்ளிக்கூடத்தில் கைப்பந்துக் குழுவில் இடம் கிடைக்காத குள்ளச்சி ஜெஜிகா, யார் பக்கத்தில் நிறுத்தினாலும் ஒத்துவராத நெட்டைச்சி வர்தா. இருவர் கையிலும் ஆளுக்கொரு மட்டையைத் திணித்து, தொந்தரவு செய்யாமல் மூலையில் போய் ஆடுங்கள் என்று வாத்தியார் துரத்திவிட்டார். அந்த மூலையிலிருந்துதான் இருவரும் தேசியச் சாம்பியன் வரைக்கும் போனார்கள். "கொசு அடிக்கக் கிளம்பிட்டா எம் பொண்ணு" என்று ஜெஜிகாவின் அப்பா சாகும் வரைக்கும் கேலி செய்தார். ஆட்டம் பார்க்க வந்த கூட்டம் என்று சொன்னால் விளையாட்டுக்கூடத்துக் கூரையில் குடியிருந்த புறாக்கள்தான். அவற்றின் எச்சத்தைத் துடைத்துவிட்டுத்தான் தினமும் பயிற்சியே தொடங்கும்.

இரட்டையர் ஆட்டத்தில் ஜெஜிகா நெட்டுக்கு முன்னால், வர்தா பின்னால். ஓட்டமெல்லாம் பின்னால் நிற்பவளுக்கு, பெயரெல்லாம் முன்னால் நிற்பவளுக்கு. தலைக்கு மேலே போகிற ஷட்டிலை ஜெஜிகா திரும்பிக்கூடப் பார்க்க மாட்டாள். வர்தா அங்கே இருப்பாள்.

வர்தா இப்போது ஒரு பள்ளியில் உடற்பயிற்சி ஆசிரியை. தேசிய அணியில் பெயர் இருக்கிற வரைதான் அவளுக்கு விடுப்பு கிடைக்கும், போட்டிக்குப் போக முடியும். பெயர் போனால் ஆட்டமும் போய்விடும். ஜெஜிகாவைவிட மூத்தவள், கல்யாணப் பேச்சையெல்லாம் அடுத்த வருஷ ஆப்பிரிக்க விளையாட்டுப் போட்டி முடியட்டும் என்று தள்ளிவைத்திருந்தாள். இதெல்லாம் ஜெஜிகாவுக்கு நன்றாகவே தெரியும். தெரியாமல் செய்தேன் என்று சொல்ல வழியில்லை.

சனியன் ஜெஜிகாவின் வாயில்தான் ஏறி உட்கார்ந்தது. பயணம் கிளம்பும் நாளில் உள்ளூர் வானொலிக்காரன் ஒருவன் மைக்கை நீட்டி, அங்கே நோன்பு வைப்பீர்களா என்று கேட்டான். பயணத்தில் இருப்பவர் நோன்பை விடலாம், திரும்பி வந்து பிறகு வைத்துக்கொள்ளலாம். மார்க்கமே கொடுத்த சலுகை அது. பயிற்சியாளர் புஜெமாவும் அதைத்தான் சொல்லியிருந்தார். அவரை எல்லோரும் ஷேக் என்றுதான் கூப்பிடுவார்கள். ஆனால் மைக்கைப் பார்த்ததும் ஜெஜிகாவுக்குத் தலைகால் புரியவில்லை.

"நானும் வர்தாவும் ஒரு நோன்பைக்கூட விட மாட்டோம்" என்று அடித்துவிட்டாள்.

வர்தா முழங்கையால் இடித்தாள். "ஏண்டி, என்னைக் கேட்டியா?"

"ஏன், உன்னால முடியாதா?"

"நீ வச்சா நான் வைக்க மாட்டேனா? நீ முன்னால நின்னா நான் பின்னால நிப்பேன், அவ்வளவுதான்."

அப்படித்தான் வர்தா அந்த நோன்புக்குள் வந்தாள்.

கம்பாலாவில் முதல் நாள் பயிற்சியிலேயே ஜெஜிகாவுக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. காற்று ஷட்டிலைத் தள்ளிவிடும் என்று மின்விசிறிகளை நிறுத்தி, கதவுகளையும் சாத்தி வைத்திருந்தார்கள். உள்ளே சட்டி அடுப்பில் இருப்பது போல வெக்கை. ஹோட்டலுக்கு வந்ததும் குளியலறைத் தாழ்ப்பாளைப் போட்டு, குழாயைத் திறந்துவிட்டு, விடியுமுன் சாப்பாட்டில் மிஞ்சிப் பையில் போட்டிருந்த அவித்த முட்டையையும் வாழைப்பழத்தையும் விழுங்கினாள். தண்ணீரை மடக் மடக்கென்று குடித்தாள். வெளியே கட்டிலில் சுருண்டு கிடந்த வர்தா, "குளிச்சா தாகம் அடங்குதாடி?" என்று கேட்டாள். "கொஞ்சம்" என்றாள் ஜெஜிகா.

நோன்பு திறக்கும் நேரத்தில் இருந்த பேரீச்சம்பழங்களில் பெரிதாகப் பார்த்து எடுத்து வர்தா அவள் வாயில் வைத்தாள். "முதல்ல நீ. குட்டி உடம்பு, காஞ்சு போயிருப்பே." ஜெஜிகா பிஸ்மில்லா சொல்லி வாங்கிக்கொண்டாள். அந்தப் பழத்தை அவள் எப்படி மென்றாள் என்பது அவளுக்கே வியப்பு. சொல்லியிருக்கலாம். அடியே, முடியல, நான் விட்டுட்டேன், நீயும் விட்டுடு என்றால் இரண்டு பேரும் சிரித்துவிட்டுச் சாப்பிட்டிருப்பார்கள். மைக்கில் பேசின வாய்க்கு அது மட்டும் வரவில்லை. மறுநாளும் குழாயைத் திறந்துவிட்டாள்.

காலிறுதி, மொரிஷியஸ் ஜோடியோடு. ஜெயித்தால் பதக்கம் உறுதி. முதல் செட் இவர்களுக்கு, இரண்டாவது அவர்களுக்கு. மூன்றாவதில் பதினொன்றுக்கு எட்டு என்று இவர்கள் முந்தியிருந்தபோது இடைவேளை வந்தது. வர்தாவின் உதடு வெடித்திருந்தது, தொடை தனியாகத் துடித்துக்கொண்டிருந்தது. ஷேக் தண்ணீர் பாட்டிலைத் திறந்து நீட்டினார்.

"குடி மகளே. அனுமதி இருக்கு, பாவம் இல்லை. பாவம்னா என் கணக்குல எழுதட்டும், குடி."

வர்தாவின் கை பாட்டில் வரைக்கும் போயிற்று. அங்கே நிறுத்தி, ஜெஜிகாவைப் பார்த்தாள். "நீ குடிக்கிறியா? நீ குடிச்சா நானும் குடிக்கிறேன்."

ஜெஜிகா தலையை ஆட்டினாள், இல்லையென்று.

அவ்வளவுதான் அவள் செய்தது. வாயைத் திறந்து ஒரு பொய்கூடச் சொல்லவில்லை. வர்தா கையை எடுத்துக்கொண்டாள். "இந்தக் குள்ளச்சியே தாங்குறா, எனக்கு என்ன வந்துச்சு" என்று சிரிக்கப் பார்த்தாள், உதடு ஒத்துழைக்கவில்லை. அதன் பிறகு நான்கைந்து பாயிண்ட் வரை ஓடினாள். ஒரு ஷட்டில் ஜெஜிகாவின் தலைக்கு மேலே போயிற்று. அவள் வழக்கம்போலத் திரும்பிப் பார்க்கவில்லை. பின்னால் மட்டை தரையில் விழுகிற சத்தம் கேட்டது. இரண்டு கெண்டைக்காலும் இழுத்துக்கொண்டு வர்தா கீழே கிடந்தாள். எழுந்து நொண்டி நொண்டி ஆடினாள், ஆட்டம் கைவிட்டுப் போயிற்று.

ஊர் திரும்பிய பிறகும் ரமலான் மிச்சமிருந்தது. ஜெஜிகா ஒரு நோன்பு விடாமல் ஒழுங்காக வைத்தாள். விட்ட நோன்புகளைப் பெருநாள் கழிந்து வைத்துக்கொள்ளலாம். மாதவிலக்குக்காக விட்டதைப் பெண்கள் எல்லாரும் அப்படித்தான் வைப்பார்கள், ஒருவரும் ஏனென்று கேட்கப் போவதில்லை. அல்லாஹ்விடம் கணக்கைத் தீர்த்துவிடலாம் என்று மனதுக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டிருந்தாள். அப்போதுதான் ஷேக் போன் செய்தார்.

"கடலுக்கு அந்தப் பக்கம் லியோன்ல பொறந்த பொண்ணு ஒண்ணு வருது, அப்பன் நம்ம பக்கத்து ஆளு. நல்லா பின்னால நின்னு அடிக்கிறா. இனிமே அவதான் உனக்கு ஜோடி."

"வர்தா?"

"வர்தா கதை முடிஞ்சுது. பெருநாள் கழிஞ்சு நானே அவகிட்ட சொல்றேன்."

"ஷேக், அது நோன்பினால வந்தது. கால் பிடிச்சுக்கிச்சு, அவ்வளவுதான்."

"நானும் முதல்ல அப்படித்தான் நினைச்சேன், ஜெஜிகா. உன்னைப் பார்த்ததும்தான் தெளிஞ்சுது. ஒரே நோன்பு, ஒரே கோர்ட்டு, ஒரே வெக்கை. நீ நின்னே, அவ விழுந்தா. அப்போ குத்தம் நோன்புல இல்லை, அவ உடம்புல இருக்கு. வயசாயிடுச்சு அவளுக்கு. கூட்டமைப்புலயும் இதையேதான் சொன்னேன், ஒத்துக்கிட்டாங்க."

போனை வைத்த பிறகு ஜெஜிகா சமையலறையில் அப்படியே நின்றாள். யெம்மா, அவள் அம்மா, ஷோர்பா சூப்பைக் கிளறிக்கொண்டே என்ன என்று கேட்டாள், ஒன்றுமில்லை என்றாள். தான் குடித்த தண்ணீர் வர்தாவுக்கு எதிராகச் சாட்சி சொல்லியிருக்கிறது. அவளுக்குத் தன் உடம்பின்மேலேயே அருவருப்பாக இருந்தது. வர்தாவின் வீட்டுப் பக்கம் போனாள், தெருமுனை வரைக்கும் போய்த் திரும்பிவந்தாள். ஒருமுறை அல்ல, பெருநாள் வரைக்கும் இதே பிழைப்பாக இருந்தது. கோழை என்று தன்னைத் தானே திட்டிக்கொள்வாள். திட்டிக்கொண்டால் கொஞ்சம் ஆறுதலாக இருக்கும். அந்த ஆறுதலுக்கும் சேர்த்துத் திட்டிக்கொள்வாள்.

பெருநாள் காலையில் வர்தாவே வந்துவிட்டாள். புது உடுப்பு, துணி மூடின தட்டு நிறைய மக்ரூத் பலகாரம், நடையில் இன்னும் ஒரு சின்ன நொண்டல். யெம்மா ஓடிப்போய்க் கட்டிக்கொண்டாள். "வா என் நெட்டைச்சி! மெலிஞ்சுட்டியே. உக்காரு, காப்பி ஊத்தறேன்."

"முதல்ல இவகிட்ட ஒரு வேலை இருக்கு, யெம்மா."

அந்த ஊர் வழக்கப்படி பெருநாளன்று யார் யாரிடம் மன்னிப்புக் கேட்டாலும் எதற்கென்று கேட்கக் கூடாது, மன்னித்தாயிற்று என்று சொல்லிவிட வேண்டும். வருஷம் முழுக்கப் பேசாதவர்கள்கூட அன்றைக்குச் சொல்லிவிடுவார்கள். ஜெஜிகா அதைத்தான் இரவெல்லாம் யோசித்து வைத்திருந்தாள். காரணம் சொல்லாமல் மன்னிப்பை வாங்கிக்கொண்டு விடலாம் என்று. வர்தா முந்திக்கொண்டாள்.

"ஜெஜிகா, என்னை மன்னிச்சுடு" என்று இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். "என் கால் உன்னைக் காட்டிக் கொடுத்துடுச்சு. நீயும் என்னை மாதிரிதானே பட்டினி கெடந்தே. நீ நின்னே, என்னால முடியல. உன் பதக்கத்தைத் தொலைச்சுட்டேன். ஷேக் என்ன முடிவு பண்ணாலும் நான் வருத்தப்பட மாட்டேன். நீ மட்டும் மன்னிச்சேன்னு சொல்லிடு."

யெம்மா காப்பிக் குவளையோடு, கண்ணில் நீரோடு நின்றாள். "சொல்லேண்டி, பெருநாள் அதுவுமா அவளை நிக்க வச்சிக்கிட்டு."

சொல்ல வேண்டியது ஒரே வார்த்தை. ஜெஜிகாவின் வாய் அதைச் சொல்லியும் விட்டது. "மன்னிச்சேன்." தன் காதால் அதைக் கேட்ட பிறகுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

"நான் நோன்பு வைக்கல, வர்தா."

"என்ன?"

"கம்பாலாவுல. ஒரு நாள்கூட வைக்கல. குழாயைத் திறந்துவிட்டுட்டு உள்ள உக்காந்து தின்னேன். மேட்ச் அன்னிக்கும் தின்னேன். முட்டை, வாழைப்பழம், வயிறு நிறையத் தண்ணி."

யெம்மா குவளையை மேஜையில் வைத்தாள். காப்பி சிந்தியது, துடைக்கவில்லை. வர்தா கையை விடவும் இல்லை, பிடிக்கவும் இல்லை.

"நோன்பை விட்டது உன் பாடு. அனுமதி இருந்துச்சு, அதைப் பத்தி எனக்கென்ன" என்றாள் மெதுவாக. "பதினொண்ணுல ஷேக் பாட்டிலை நீட்டினப்போ உன்னைக் கேட்டேனே. அப்போ உன் வயித்துல தண்ணி இருந்துச்சா?"

"இருந்துச்சு."

"தலையை ஆட்டினே."

"ஆட்டினேன்."

வர்தா கையை உருவிக்கொண்டாள். "ஷேக்குக்கு போன் போடு. நான் இங்கேயே நின்னு கேக்கறேன்."

ஜெஜிகா போட்டாள். பெருநாள் வாழ்த்தெல்லாம் சொல்லவில்லை, நேராக விஷயத்தைச் சொன்னாள். லியோன் பெண்ணுக்கு ஜோடியாக வர்தாவைப் போடுங்கள், என்னை எடுத்துவிடுங்கள் என்றும் சொன்னாள்.  ஷேக் ஒன்றே ஒன்று கேட்டார், ஸ்பீக்கரில் மூன்று பேருக்கும் கேட்டது.

"அவ அந்தத் தண்ணியைக் குடிச்சிருந்தா ஜெயிச்சிருப்போமா?"

"ஜெயிச்சிருப்போம், ஷேக்."

வர்தா அப்போதுதான் உட்கார்ந்தாள். முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். தன் காலைத் தானே திட்டித் தீர்த்த நாட்களுக்கெல்லாம் சேர்த்து அழுதாள். யெம்மா போய் அவள் தலையை வயிற்றோடு சேர்த்து அணைத்துக்கொண்டாள். பெற்ற மகளை ஏறிட்டும் பார்க்கவில்லை. ஜெஜிகாவுக்கு அருகில் போகவேண்டும் போல இருந்தது. எந்த முகத்தோடு போவது?

அழுது முடித்து வர்தா எழுந்தாள். யெம்மாவின் நெற்றியில் முத்தமிட்டாள், வாழ்த்துச் சொன்னாள். கதவருகே ஜெஜிகாவின் முன்னால் நின்றாள்.

"நான் உன்கிட்டக் கேட்ட மன்னிப்பைத் திரும்ப எடுத்துக்கறேன்."

"எடுத்துக்கோ" என்றாள் ஜெஜிகா. அடுத்த வார்த்தை அவள் நாக்கு நுனியில் வந்து நின்றது. வர்தா அதைப் பார்த்துவிட்டாள்.

"இன்னிக்குக் கேக்காதே" என்றாள். "பெருநாள்ல கேட்டா நான் இல்லைன்னு சொல்ல முடியாது."

ஜெஜிகா வாயை மூடிக்கொண்டாள்.