எதிரெதிரே அடுக்கிய கடிதங்கள்

காப்பகத்தின் கீழ்த்தளத்தில், இறந்து ஒரு நூற்றாண்டு கடந்த அண்ணனும் தம்பியும் ஒரே பெட்டிக்குள் சண்டையிட்டுக்கொண்டிருந்தார்கள். ஒரே சுவரின் இருபுறமும் வாழ்ந்து, முகம் பாராமல், ஆயுள் முழுதும் கடிதத்திலேயே ஏசிக்கொண்டவர்கள் அவர்கள். எதுகை பிசகாத வசை. இரு வீட்டாரும் தனித்தனியே ஒப்படைத்த கட்டுகளை வந்தபடியே வைக்கவேண்டும் என்பது காப்பக விதி. காப்பாளரோ தம்பியின் வழிவந்தவள். படிப்போர் வசதிக்கென ஒவ்வொரு கடிதத்துக்கும் எதிரே அதன் மறுமொழியை அடுக்கிவிட்டாள். மறுநாள் மை ஈரமாயிருந்தது, ஓரங்களிலெல்லாம் புதுவரிகள். அவற்றுள் ஒன்று, அண்ணன் வம்சத்தில் ஒருவன் கறுப்பு அங்கி மாட்டிப் பொய் விற்கிறான் என்றது.

அந்த வழக்குரைஞன், அவளுடைய பங்காளி, செய்தி கேட்டுப் பாய்ந்து வந்தான்.

"செத்தும் உங்க தாத்தாவுக்கு வாய் அடங்கல பாரு!"

"உங்க தாத்தா மட்டும் தாலாட்டா பாடறாரு?"

நீதிமன்ற ஆணை பெற்று, அண்ணனின் கட்டைத் தன் வீட்டுக்குக் கொண்டுபோனான். ஏச ஆளில்லாத தம்பியின் கடிதங்கள் வெளுக்கத் தொடங்கின. வசைகள் முதலில் போயின, பின்பு தேதிகள். அந்த மூதாதைக்குப் படமில்லை, கல்லறையில்லை. அவள் குலத்துக்கு அவர் விட்டுச்சென்றது இந்தக் கோபம் ஒன்றே. எதிரே யாரோ ஒரு காதலனின் கடிதங்களை வைத்துப் பார்த்தாள், தம்பி மூச்சுவிடவில்லை. "வெள்ளைத்தாளுக்கு எதுக்கும்மா காவல்?" என்றார் மேலதிகாரி.

கையெழுத்தும் மங்கிய அன்று, பல்லைக் கடித்துக்கொண்டு பங்காளியின் கதவைத் தட்டினாள். வெளுத்த கட்டை ஏந்தியபடியே அவன் திறந்தான்.

"இப்ப சந்தோஷமா? எங்க தாத்தா பேச்சு மூச்சில்லாம கெடக்காரு."

"பிரிச்சது யாரு, அண்ணே?"

"அண்ணேன்னு கூப்பிடாதே."

"சரிடா."

இருவரும் காப்பகத்துக்கு வந்து தாள்களை முன்போல் எதிரெதிரே அடுக்கினார்கள். ஓர் எழுத்தும் எழவில்லை.

"உங்க ஆளு ஆரம்பிக்கட்டும். வம்பு எப்பவும் அவருதானே இழுப்பாரு?" என்றான்.

"சுவரை நடுவுல எழுப்பினது உங்க ஆளு. குணம் அப்படியே உனக்கும் வந்திருக்கு!"

அவள் குரல் உயர, தம்பியின் தாளில் ஒரு வரி கறுத்தது. அவன் மேசையைத் தட்டிக் கத்த, அண்ணன் இரண்டு வரி விழித்தார். பொழுது சாய்வதற்குள் கடைசிக் கையெழுத்துவரை திரும்பிவிட்டது. இருவரும் விடைகூடச் சொல்லிக்கொள்ளாமல் பிரிந்தார்கள்.

அதன்பின் வெள்ளிதோறும் வழக்குரைஞன் வருகிறான். அவள் அவனுக்குக் கால் ஆடுகிற நாற்காலியாகப் பார்த்துப் போடுகிறாள். 'அமைதி காக்க' என்னும் பலகையை மேலதிகாரி அன்று மட்டும் சுவர்ப்பக்கம் திருப்பிவைத்துவிட்டுத் தம் வேலையைப் பார்க்கிறார்.