தபால்காரரின் பத்து நிமிடம்

சாமியார் என்று நாய்க்குப் பெயர் வைத்தது அவளுடைய தம்பி. குட்டியாக இருந்தபோது எந்நேரமும் கண்ணை மூடி உட்கார்ந்திருக்குமாம். வெளியூரில் வேலை கிடைத்ததும் அவன் நாயை அக்காவிடம் விட்டுப்போனான். அதற்குள் அது முப்பது கிலோ ஆகியிருந்தது. பெயருக்கும் நடத்தைக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

பரிசோதனைக் கூடத்தில் ரத்தம் எடுப்பது அவள் வேலை. ஒரு நாள் காலை தபால்காரரின் சைக்கிளைப் பார்த்துச் சாமியார் பாய்ந்த பாய்ச்சலில், கயிற்றைப் பிடித்திருந்தவள் குப்புற விழுந்தாள். மணிக்கட்டு எலும்பு முறிந்தது. ஆறு வாரம் மாவுக்கட்டு.

"யார்கிட்டயாவது குடுத்துடலாம். உன் கையை விடவா நாய் பெருசு?" என்றார் கணவர்.

அவர் கேட்டதில் தப்பில்லை. ஆனால் அவள் வலியோடு படுத்திருந்த நாளெல்லாம் கட்டிலடியை விட்டு நகராமல் கிடந்தது அந்த நாய்தான். அவளுக்கு மனசு வரவில்லை.

கட்டுப் பிரித்ததும் கால்நடை மருத்துவரிடம் போனாள். அவர் பயிற்சிக்கென்று ஒரு கழுத்துப்பட்டை கொடுத்தார்.

"இழுத்தா லேசா இறுகும், நின்னா உடனே தளரும். மூச்சு முட்டாது. தளர்ந்ததும் ஒரு பிஸ்கட் குடுங்க. எதைப் பாத்துப் பாயுதோ, அதை முதல்ல தூரத்துல நிறுத்திப் பழக்குங்க."

தூரத்தில் நிறுத்தத் தபால்காரர் என்ன பொம்மையா? தயங்கித் தயங்கித்தான் அவரிடம் கேட்டாள்.

"என்னைப் பாத்துத்தானே குதிக்குது? அப்ப நான்தானே வரணும்," என்று சிரித்தார் அவர். "தபாலெல்லாம் குடுத்து முடிச்சுட்டு தினம் பத்து நிமிஷம் வரேம்மா."

சொன்னபடி வந்தார். தெருக்கோடியில் சைக்கிளோடு நின்று மணியடிப்பார். சாமியார் எகிறும். அவள் திரும்பி நடப்பாள், மறுபடி வருவாள். ஐந்து நாளும் இதே கூத்து. ஆறாம் நாள் அவர் அங்கிருந்தே கத்தினார்.

"அம்மா, முதல்ல இழுக்கறது நாய் இல்லை! நான் மணியில கை வச்சதுமே நீங்க கயித்தை இறுக்கிப் புடிக்கிறீங்க!"

குனிந்து பார்த்தாள். உண்மைதான், விரல்கள் வெளுத்திருந்தன. விழுந்த பயம் இன்னும் கையிலேயே இருந்தது. மூச்சை இழுத்து விட்டு, கயிற்றைத் தளர்த்தினாள். மணி அடித்தது. சாமியார் காதை நிமிர்த்தியது. சைக்கிளைப் பார்த்தது, பிறகு அண்ணாந்து அவள் முகத்தைப் பார்த்தது. பட்டை தொளதொளவென்று தொங்கியது.

"சமத்துடா!" என்று கத்தியவள், ஒன்றுக்கு மூன்றாகப் பிஸ்கட் கொடுத்தாள்.

அதற்குப் பின் தூரம் நாளுக்கு நாள் குறைந்தது. ஒரு மாதத்தில் அவர் சைக்கிளை உருட்டிக்கொண்டு பக்கத்திலேயே வந்தார். சாமியார் உட்கார்ந்து வாலை ஆட்டியது. அவர் கையை நீட்டியபோது சட்டைக்கை மேலேறியது. முன்கையில் வரிசையாகப் பல் பதிந்த பழைய தழும்பு.

"என்னண்ணா இது?"

"அதுவா? வேற தெருவுல ஒரு நாய் கடிச்சதும்மா. பதிமூணு தையல்."

"அப்புறம் எப்படிண்ணா தினம் வந்தீங்க?"

"முதல் வாரம் பயந்துக்கிட்டேதான் வந்தேன். சைக்கிளைக் குறுக்க வச்சுக்கிட்டு நின்னேன், நீங்க பாக்கலை," என்றார். சாமியார் அவர் உள்ளங்கையை நக்கியது. "நீங்க கூப்பிட்டது நல்லதாப் போச்சும்மா. இப்ப எந்தத் தெருவுக்கும் தைரியமாப் போறேன்."

"நான்தாண்ணா உங்களுக்குக் கும்பிடு போடணும்," என்றாள். கண் கலங்கியதை மறைக்கக் கூடத் தோன்றவில்லை.

அவர் மணியை ஒருமுறை அடித்துவிட்டுக் கிளம்பினார். சாமியார் உட்கார்ந்தபடியே அவர் போவதைப் பார்த்துக்கொண்டிருந்தது.